ஒன்பது ரகத்தில் எந்த வாழை வைப்பது?

வணக்கம் அண்ணா. மார்த்தாண்டம் பக்கம் 50 சென்டில் வாழை வைக்க ஒன்பது ரகம் எழுதி வைத்து, மூன்று மாதமாக முடிவெடுக்க முடியவில்லை என்று கேட்டிருந்தீர்கள். படிக்கவே கஷ்டமாக இருந்தது; நிலம் சும்மா கிடக்கிறதே.

ரகங்களை ஒன்றோடொன்று ஒப்பிடுவதை முதலில் நிறுத்துங்கள். காசு எப்போது கைக்கு வரவேண்டும் என்று மட்டும் பாருங்கள். ஓணத்துக்கு என்றால் ஏத்தன்தான், அதாவது நேந்திரன். பத்துப் பதினொரு மாதத்தில் குலை வெட்டலாம். அக்டோபரில் கன்று வைத்தால் கணக்கு சரியாக வரும். களியக்காவிளை தாண்டிக் கேரளத்துக்குள் போனால் சிப்ஸுக்கும் அதைத்தான் கேட்பார்கள். செவ்வாழை ஒன்றரை வருடம்கூட இழுக்கும். இந்த ஒரு கேள்வியிலேயே பட்டியல் பாதி உதிர்ந்துவிடும்.

2000-இல் ஷீனா ஐயங்கார், மார்க் லெப்பர் என்ற உளவியல் ஆய்வாளர்கள் இருவரும் வெளியிட்ட ஆய்வில், 24 வகை ஜாம் இருந்த மேசையில் நின்றவர்களில் 3 சதவீதம் பேர்தான் வாங்கினார்கள். 6 வகை வைத்தபோது 30 சதவீதம். உங்களுக்கும் அதுதான் நடக்கிறது.

அப்புறம், வீட்டுக்கென்று ஓரமாக நாலு மட்டி வையுங்கள் அண்ணா. புவிசார் குறியீடு வாங்கிய நம்ம ஊர்ப் பழம், அதை வைக்காமல் விட மனசு வராது. கன்றுக்கு இந்த வாரமே சொல்லிவிடுங்கள்.