கற்பனைக் காவியங்களில் நாட்டின் எல்லையில் ராட்சதச் சிலைகள் நிற்பது ஏன்?

ஆற்றுக் கணவாயிலோ துறைமுக வாசலிலோ மலைபோல் நிற்கும் இந்தக் காவல் சிலைகளுக்கு ஒரே வேலைதான்: ‘இதற்கு மேல் எங்கள் ராஜ்ஜியம்’ என்று ஆளில்லாமலே சொல்வது. மேட்டுப்பாளையத்திலிருந்து ஊட்டிக்கு ஏறும்போது, சோதனைச் சாவடியில் யாரும் கேட்பதற்கு முன்பே நம் கை பைக்குள் பிளாஸ்டிக் பாட்டிலைத் தேடுகிறதே, அதே பயம்தான்.

‘தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்’ கதையில் வரும் ஆர்கோநாத் சிலைகளைப் பாருங்கள். இரண்டு அரசர்கள், வலக் கையில் கோடரி, இடக் கை உள்ளங்கை வெளியே தெரிய ‘நில்’ என்று உயர்ந்திருக்கும். நிஜத்திலும் இப்படி உண்டு. எகிப்தின் தெற்கே, நூபியாவில், பழங்கால எகிப்திய மன்னர் இரண்டாம் ராம்சேஸ், அபு சிம்பெல் என்ற இடத்துப் பாறையில் சுமார் 20 மீட்டர் உயரத்துக்குத் தன்னையே நான்கு முறை செதுக்க வைத்தார். (அடக்கம் என்பதே கிடையாது மனிதருக்கு!)

அப்புறம், இந்தச் சிலைகள் எல்லாம் உயிர்பெற்றுச் சண்டை போடும் என்று பலர் நினைக்கிறார்கள். பெரும்பாலான கதைகளில் அவை அசைவதே இல்லை.