கிறிஸ்துமஸ் தீவின் சிவப்பு நண்டுகள் காட்டில் வாழ்ந்தும் ஏன் கடலுக்குச் செல்கின்றன?
வளர்ந்தபின் நிலத்திலேயே வாழும் நண்டுகளை நிலநண்டுகள் என்கிறோம். ஜாவாவுக்குத் தெற்கே, ஆஸ்திரேலியாவுக்கு உரிய இத்தீவின் மழைக்காட்டில் வளை தோண்டி, உதிர்ந்த இலைகளைத் தின்று வாழும் சிவப்பு நண்டுகள் அவ்வகையினவே. ஆயினும் அவற்றின் குஞ்சுகள் முதல் ஒரு மாத அளவு கடல்நீரில்தான் வளர முடியும். தலைப்பிரசவத்துக்குத் தாய்வீடு செல்லும் பெண்ணைப் போல, மழைக்காலம் தொடங்கியதும் அவை கோடிக்கணக்கில் கடற்கரைக்குப் புறப்படுகின்றன. செவுள்களால் சுவாசிப்பதால் வழியெங்கும் ஈரம் வேண்டும்.

தேய்பிறையில், விடியலுக்குமுன் ஓதம் வடியத் தொடங்கும் வேளையில், தாய் நண்டு அலை நனைக்கும் பாறையில் நின்று உடலை உலுக்கி, ஒரு லட்சம் வரையான முட்டைகளைக் கடலில் உதிர்ப்பது மெய்சிலிர்க்க வைக்கும் காட்சி.

அவை கடலில் வாழத் திரும்புகின்றன என்று பலர் கருதுகின்றனர்; அது தவறு, ஏனெனில் நெடுநேரம் நீரில் மூழ்கினால் வளர்ந்த நண்டு இறந்துவிடும்.