கேளுங்கள், சீரியல் அப்பா பதில் சொல்கிறார்

கேள்வி: திடீரென்று உங்கள் படத்துக்கு மாலை போட்டுவிட்டார்களே, என்ன ஆயிற்று? – வாசகி, தென்காசி

பதில்: நன்றாக இருக்கிறேன் அம்மா. காலையில்கூட ஐந்து இட்லி உள்ளே போனது. கதையில்தான் மாரடைப்பு, நிஜத்தில் தேதிச் சிக்கல். ஒரு சினிமாவுக்குப் பொள்ளாச்சியில் பன்னிரண்டு நாள் கால்ஷீட் கொடுத்திருந்தேன். அதே நாட்களில் சீரியலில் மகளுக்குக் கல்யாணம். முதலில் என்னைக் காசிக்கு அனுப்புவதாகப் பேச்சு. அப்புறம், 'செத்தால் ஒரு வாரம் அழுகை ஓடும்' என்று யாரோ சொல்ல, என்னுடைய பழைய பாஸ்போர்ட் சைஸ் போட்டோவை வாங்கிப் பெரிதாக்கி மாட்டிவிட்டார்கள். பொள்ளாச்சியில் எனக்கு மூன்றே காட்சி. சீரியலிலோ மாதம் பத்து நாள் வேலை போச்சு. சினிமா என்றால் புத்தி அப்படித்தான் போகிறது, என்ன செய்ய! அந்த எபிசோடை என் மனைவி பார்க்கவில்லை. 'போட்டோவை மட்டும் கேட்டு வாங்கிட்டு வந்துடுங்க' என்றாள்.

கேள்வி: இத்தனை வருடம் நடித்தும் ஹீரோ ஆகவில்லையே, வருத்தம் இல்லையா? – வாசகர், மன்னார்குடி

பதில்: டெல்லி கணேஷ் சாரை நினைத்துக்கொள்வேன். விமானப்படையில் வேலை, தட்சிண பாரத நாடக சபாவில் மேடை, பிறகு கே.பாலசந்தரின் 'பட்டினப் பிரவேசம்' வழியாக சினிமா. 1989-இல் 'அபூர்வ சகோதரர்கள்' வில்லன்கள் நால்வரில் ஒருவர். அடுத்த வருடமே 'மைக்கேல் மதன காமராஜ'னில் பாலக்காட்டு மணி ஐயர். இரண்டையும் அடுத்தடுத்துப் போட்டுப் பாருங்கள், நடையே வேறு. ஹீரோவை இப்படி மாற்றினால் ரசிகர்கள் சும்மா விடுவார்களா? 400 படங்களுக்கு மேல் நடித்துவிட்டு, 2024 நவம்பரில் 80 வயதில் போனார். நான் இன்னும் நூறைத் தொடவில்லை. வருத்தம் என்றால் அதுதான்.

கேள்வி: போன வாரம் மகளைக் கூப்பிடும்போது குரல் ஒன்று, உதடு வேறொன்று சொன்ன மாதிரி இருந்ததே? – வாசகி, காரைக்குடி

பதில்: மாட்டிக்கொண்டேன். காலையில் ஒரு சீரியல், மதியத்துக்கு மேல் இன்னொன்று. உதவி இயக்குநர் கேமராவுக்குப் பக்கத்தில் நின்று வசனத்தை வாசிக்க வாசிக்க நாங்கள் சொல்வோம். அவர் சரியாகத்தான் வாசித்தார், நான்தான் காலை மகளின் பெயரைச் சொல்லி மாலை மகளைக் கூப்பிட்டுவிட்டேன். டப்பிங்கில் குரலை மாற்றியாயிற்று, உதட்டை என்ன செய்வது? இயக்குநரே கவனிக்கவில்லை அம்மா, தயவுசெய்து சத்தமாகச் சொல்லாதீர்கள்.