மகன் பிறக்கும் வரை மகள்: ஸ்பெயின் அரியணை குறித்து வாசகர் கேள்விகள்

சென்ற இதழில் ஸ்பெயின் மன்னர் ஆறாம் ஃபெலிப்பேயின் மூத்த மகள் லியோனோர் பற்றி வெளியான சிறு குறிப்பைத் தொடர்ந்து வந்த கடிதங்களே இம்முறை இந்தப் பகுதியை முழுதாக எடுத்துக்கொண்டுவிட்டன. ஒரே கேள்வியைப் பலர் கேட்டிருந்த இடங்களில் அவற்றை ஒன்றாகச் சேர்த்திருக்கிறோம்.

கேள்வி: லியோனோர் அரியணை ஏறினால் அவரே ஸ்பெயினை ஆளும் முதல் பெண் என்று ஒரு செய்தியில் கேட்டேன். அப்படியானால் கொலம்பஸை அனுப்பிவைத்த இசபெல்லா யார்?

பதில்: உங்கள் இரண்டாவது கேள்வியே முதல் கேள்விக்குப் பதிலாகிவிட்டது. குழப்பத்துக்குக் காரணம் 'ராணி' என்ற சொல். மன்னரை மணந்ததால் ராணியானவரையும், பிறப்புரிமையால் அரியணையில் அமர்ந்தவரையும் நாம் ஒரே சொல்லால் அழைக்கிறோம். ஸ்பானிய மொழியிலும் இருவரும் 'ரெய்னா'தான். இன்றைய ராணி லெடிசியா முதல் வகையைச் சேர்ந்தவர். மன்னர் சிறுவயதினராக இருக்கையில் அவர் பெயரால் ஆளும் காப்பாளர் பொறுப்பு வந்தாலொழிய, அத்தகைய ராணிக்கு அரசமைப்புப்படி எந்த அதிகாரமும் இல்லை. லியோனோர் இரண்டாம் வகை. அந்த வரிசையில் அவருக்கு முன்னோடிகள் உண்டு.

இன்றைய ஸ்பெயினின் பகுதிகளான லியோன், காஸ்டில் என்ற பழைய நாடுகளை 1109 முதல் 1126 வரை ஆண்டவர் உர்ராகா. அவருடைய தந்தையின் ஒரே மகனான சான்சோ 1108இல் உக்லேஸ் போரில் இறந்ததால்தான் முடி அவருக்கு வந்தது. 1217இல் காஸ்டிலின் சிறுவன் மன்னர் முதலாம் என்ரிக்கே, பலென்சியா நகரில் விளையாடிக்கொண்டிருந்தபோது தலையில் ஓடு விழுந்து இறந்துபோக, அக்காள் பெரெங்கேலா அரசியாகி, உடனே அந்த உரிமையைத் தன் மகனுக்குக் கைமாற்றிக் கொடுத்தார். அதே நூற்றாண்டில் பத்தாம் அல்ஃபோன்சோ தொகுப்பித்த 'சியெத்தே பார்த்திதாஸ்' என்னும் சட்டத்தொகுப்பு இந்த வழக்கத்தை எழுத்தில் வைத்தது: முதலில் மகன், மகன் இல்லையேல் மூத்த மகள். அதாவது, காஸ்டிலில் மன்னரின் மகள் தன் சித்தப்பாவுக்கு முன்னே நின்றார், தன் தம்பிக்குப் பின்னே நின்றார். இதை நினைவில் வைத்துக்கொண்டால் கீழே வரும் சண்டைகள் பாதி புரிந்துவிடும்.

கேள்வி: இசபெல்லா தன் அண்ணன் மகளின் உரிமையைப் பறித்துத்தான் அரசியானார் என்கிறார்களே, உண்மையா?

பதில்: 'பறித்தார்' என்று அடித்துச் சொல்ல முடியாது, 'பறிக்கவில்லை' என்று சொல்வது அதைவிடக் கடினம். இசபெல்லாவின் தந்தைக்கு வேறொரு மனைவி வழியே பிறந்த அண்ணனான காஸ்டில் மன்னர் நான்காம் என்ரிக்கேக்கு 1462இல் ஹுவானா என்ற மகள் பிறந்தாள். அவளையே வாரிசாக ஏற்றுப் பிரபுக்கள் சத்தியமும் செய்தார்கள். ஆனால் குழந்தையின் தந்தை மன்னர் அல்லர், அவருடைய அணுக்கரான பெல்ட்ரான் தெ லா குவேவா என்ற வதந்தியை எதிர்க்கட்சியினர் கிளப்பினார்கள். வரலாற்றில் அந்தப் பெண்ணின் பெயரே 'பெல்ட்ரானின் மகள்' என்ற பொருள் தரும் ஏளனப் பெயராக நிலைத்துவிட்டது. நெருக்கடி முற்றவே, என்ரிக்கே 1468இல் தோரோஸ் தெ கிசாந்தோ என்ற இடத்தில் இசபெல்லாவை வாரிசாக ஒப்புக்கொண்டார்; மறு ஆண்டே தன் சம்மதமின்றி அண்டை நாடான அரகோனின் இளவரசர் ஃபெர்னாண்டோவை அவர் மணந்ததால் கோபமுற்று, 1470இல் அதை மாற்றி மீண்டும் மகளையே வாரிசாக்கினார்.

1474 டிசம்பரில் என்ரிக்கே மறைந்தபோது செகோவியாவில் இருந்த இசபெல்லா, ஓரிரு நாள்கூடத் தாமதிக்காமல், 13ஆம் தேதி தன்னை அரசியாக அறிவித்துக்கொண்டார். ஊர்வலத்தில் அவருக்கு முன்னால் ஒருவர் உறையற்ற வாளை உயர்த்திப் பிடித்துச் சென்றார். தண்டிக்கும் அதிகாரத்தைக் குறிக்கும் அந்த வாள் அதுவரை ஆண் மன்னர்களுக்கே உரியதாக இருந்தது. சரகோசாவில் இருந்த கணவர் ஃபெர்னாண்டோ, மனைவி முடிசூடியதைவிட இந்த வாள் செய்தியைக் கேட்டே அதிகம் திடுக்கிட்டார் என்று அக்காலக் குறிப்புகள் சொல்கின்றன. அரச மரபின் நெருங்கிய ஆண்வழி உறவினர் என்ற முறையில் காஸ்டில் தனக்கே உரியது என்று வாதிட அவருக்கு ஆட்களும் இருந்தார்கள். இந்த இடத்தில் அரசவை வரலாற்றாசிரியர் இசபெல்லாவின் வாயில் வைக்கும் வாதம் கூர்மையானது: இப்போதைக்கு நமக்கு இருப்பது ஒரு மகள் மட்டுமே, பெண்ணுக்கு உரிமை இல்லை என்று நீங்கள் இன்று நிலைநாட்டினால் நாளை நம் மகளுக்கே அது பாதகமாகும். 1475 ஜனவரியில் உடன்பாடு வந்தது. ஆவணங்களில் கணவரின் பெயர் முதலில் வரும், மனைவியின் அரசச் சின்னம் முதலில் வரும் என்று அதில் எழுதிக்கொண்டார்கள்.

ஹுவானாவின் தரப்பில் போர்த்துகல் மன்னர் இறங்கியதால் மூண்ட போர் 1479இல் முடிந்தது. தோற்ற இளம்பெண் கன்னிமடம் புகுந்தார். 1530இல் லிஸ்பனில் இறக்கும் வரை 'நான், அரசி' என்றே கையெழுத்திட்டு வந்ததாகச் சொல்வார்கள். அவருடைய உரிமை சட்டத்தால் தோற்றது என்பதைவிடப் படையால் தோற்றது என்பதே எங்கள் கணிப்பு.

கேள்வி: 'பைத்தியக்கார ஹுவானா' உண்மையிலேயே மனநிலை பாதிக்கப்பட்டவரா?

பதில்: இவர் வேறு ஹுவானா, இசபெல்லாவின் மூன்றாவது குழந்தை. அரியணை இவரைத் தேடி வந்த விதமே துயரமானது. இசபெல்லாவின் ஒரே மகன் 1497இல் பத்தொன்பது வயதில் இறந்தார். அடுத்து உரிமை பெற்ற மூத்த மகளை ஏற்கக் காஸ்டில் தயங்கவில்லை. அரகோன் மன்றமோ பெண்ணுக்குச் சத்தியம் செய்யத் தயங்கியது; கருவுற்றிருக்கிறாரே, பிறப்பது ஆணா என்று பார்த்துவிடுவோம் என்று காத்திருந்தது. 1498இல் சரகோசாவில் ஆண் குழந்தை பிறந்தது. தாய் பிரசவத்திலேயே இறந்தார். அந்தக் குழந்தையும் 1500இல் இறந்தது. ஃபெர்னாண்டோவுக்கு இனி மகன் பிறக்காவிட்டால் மட்டுமே என்ற நிபந்தனையோடு 1502இல் அரகோன் ஹுவானாவை ஏற்றது. அந்த நிபந்தனை வெறும் சடங்கல்ல: இசபெல்லா 1504இல் மறைந்த பின் ஃபெர்னாண்டோ மறுமணம் செய்துகொண்டு, 1509இல் ஒரு மகனையும் பெற்றார். அந்தக் குழந்தை சில மணி நேரமே உயிரோடு இருந்தது. பிழைத்திருந்தால் அரகோனும் காஸ்டிலும் மறுபடி இரு நாடுகளாகப் பிரிந்திருக்கும்.

மனநிலை பற்றிய கேள்விக்கு வருவோம். ஹுவானாவுக்குக் கடுமையான மனச்சோர்வு இருந்திருக்கலாம். 1506இல் கணவர் பிலிப் இறந்தபின் அவருடைய சவப்பெட்டியோடு நிறைமாதக் கர்ப்பிணியாகப் பயணம் செய்ததும் பதிவாகியுள்ளது. ஆனால் அவரை ஆளத் தகுதியற்றவர் என்று சொன்னவர்கள் யார் என்று பாருங்கள். முதலில் கணவரும் தந்தையும் ஒப்பந்தம் போட்டு அப்படிச் சொன்னார்கள். பிறகு மகன் கார்லோஸும் அதையே தொடர்ந்தார். மூவருக்கும் அதனால் ஆட்சி கிடைத்தது. 1509 முதல் 1555இல் இறக்கும் வரை, 46 ஆண்டுகள், தோர்தெசியாஸ் அரண்மனையில் அவர் அடைத்துவைக்கப்பட்டிருந்தார். 1520இல் கிளர்ச்சிக்காரர்கள் அந்த ஊரைக் கைப்பற்றி, 'ஒரு கையெழுத்துப் போடுங்கள், நாடு உங்களுடையது' என்று வேண்டியபோது அவர் மகனுக்கு எதிராகக் கையெழுத்திட மறுத்தார். இத்தனைக்கும் அவரது அரசிப் பட்டத்தை யாரும் நீக்கவில்லை. மெக்சிகோ நாணயச்சாலையில் 1536 முதல் அச்சான வெள்ளி நாணயங்களில் கார்லோஸின் பெயரோடு ஹுவானாவின் பெயரும் இருக்கிறது. பூட்டிய அறையில் இருந்தவரின் பெயரால் கடல் கடந்த சந்தைகளில் கொடுக்கல் வாங்கல் நடந்தது.

கேள்வி: யாழ்ப்பாணத்தை ஒருகாலத்தில் ஸ்பெயின் மன்னர் ஆண்டார் என்று என் தாத்தா சொல்வார். நம்பலாமா?

பதில்: தாத்தா சொன்னது சரியே. போர்த்துகலின் அரச மரபு 1580இல் வாரிசின்றி முடிந்தபோது, ஸ்பெயினின் இரண்டாம் பிலிப் அந்த முடியைத் தனதென்று கோரியது தாய்வழி உரிமையால். அவருடைய தாய் போர்த்துகல் மன்னர் மனுவேலின் மகள். 1640 வரை இரு முடிகளும் ஒரே தலையில் இருந்தன, நிர்வாகம் மட்டும் தனித்தனி. 1619இல் போர்த்துகீசியர் சங்கிலி குமாரனைத் தோற்கடித்து யாழ்ப்பாண அரசை முடித்தபோது லிஸ்பனுக்கும் மத்ரித்துக்கும் ஒரே மன்னர், மூன்றாம் பிலிப்.

கேள்வி: காஸ்டிலில் பெண்ணுக்கு உரிமை இருந்தது என்றால், இரண்டாம் இசபெல் பட்டத்துக்கு வந்தபோது மட்டும் ஏன் போர் வெடித்தது?

பதில்: இடையில் சட்டம் மாறிவிட்டது. 1700இல் ஹாப்ஸ்பர்க் மரபின் கடைசி மன்னர் பிள்ளையின்றி இறந்து, பிரான்சின் பூர்போன் குடும்பத்து ஐந்தாம் பிலிப் வாரிசுரிமைப் போருக்குப் பிறகு அரியணையில் உறுதியாக அமர்ந்தார். அவர் 1713இல் ஒரு விதி செய்தார்: மன்னரின் எல்லா ஆண்வழிக் கிளைகளும் அற்றுப்போன பிறகே ஒரு பெண்ணுக்கு உரிமை. வேடிக்கை என்னவென்றால், பிலிப்புக்கு ஸ்பெயின் கிடைத்ததே பாட்டி வழியில்தான். பதினான்காம் லூயியை மணந்த ஸ்பெயின் இளவரசி மரியா தெரேசாவின் பேரர் அவர். தான் ஏறிவந்த ஏணியைத் தனக்குப் பின்னால் எடுத்துவிட்டார்.

1789இல் நான்காம் கார்லோஸ் மன்றத்தைக் கூட்டிப் பழைய முறைக்குத் திரும்ப ஒப்புதல் வாங்கினார். ஆனால் அதை வெளியிடவில்லை. ஏறக்குறைய நாற்பது ஆண்டுகள் அந்தத் தாள் உறங்கியது. அவருடைய மகன் ஏழாம் ஃபெர்னாண்டோவுக்கு மூன்று மனைவியர் வழியாகவும் பிள்ளை தங்கவில்லை. நான்காவதாக மணந்த மரியா கிறிஸ்தினா கருவுற்றிருந்த 1830 மார்ச்சில், அவர் அந்தப் பழைய முடிவை எடுத்து வெளியிட்டார். அக்டோபர் 10ஆம் தேதி இசபெல் பிறந்தாள். தாள் உறங்கியபடியே இருந்திருந்தால் மன்னரின் தம்பி கார்லோஸ்தான் அடுத்த மன்னர்.

1832 செப்டம்பரில் லா கிரான்ஹா அரண்மனையில் மன்னர் சாகக் கிடந்தார். அமைச்சர் கலோமார்தே முதலியோர் நெருக்கி, அந்த அறிவிப்பை ரத்துசெய்யும் தாளில் கையெழுத்து வாங்கினர். செய்தி கேட்டு விரைந்து வந்த ராணியின் அக்காள் லூயிசா கார்லோத்தா, அமைச்சரைக் கன்னத்தில் அறைந்தார் என்றும், அவர், 'வெள்ளைக் கரங்கள் அவமதிப்பதில்லை, அம்மணி' என்று பணிவோடு சொன்னார் என்றும் ஒரு கதை உண்டு. அறை விழுந்ததோ இல்லையோ, ஸ்பெயினில் அதை அறியாதவர் குறைவு. மன்னர் பிழைத்தெழுந்தார், டிசம்பர் 31 அன்று ரத்தை ரத்துசெய்தார், 1833 செப்டம்பர் 29இல் இறந்தார். இரண்டே முக்கால் ஆண்டு கடந்திருந்த குழந்தை அரசியானாள், தாய் காப்பாளரானார், சித்தப்பா போர் தொடுத்தார்.

சித்தப்பா கார்லோஸின் பெயரால் 'கார்லிஸ்ட்' போர்கள் எனப்பட்டவற்றில் முதலாவது 1840 வரை நீடித்தது. கடைசிப் போர் 1876இல்தான் முடிந்தது. இவ்வளவு ரத்தமும் ஒரு வாரிசு விதிக்காகவே சிந்தியது என்று எண்ண வேண்டாம். பாஸ்க், நவார்ரா பகுதிகளின் பழைய உள்ளூர் உரிமைகள், திருச்சபையின் செல்வாக்கு, தாராளவாதிகளின் மீதான வெறுப்பு ஆகிய எல்லாம் சித்தப்பாவின் கொடியின் கீழ் ஒதுங்கின. இசபெல்லோ 1868இல் புரட்சியால் நாட்டைவிட்டு வெளியேறி, 1904இல் பாரிஸில் இறந்தார். ஸ்பெயினை ஆண்ட கடைசிப் பெண் இன்றுவரை அவர்தான்.

கேள்வி: பிறக்கும்போதே மன்னராக இருந்த குழந்தை ஸ்பெயினில் உண்டாமே?

பதில்: பதின்மூன்றாம் அல்ஃபோன்சோவைச் சொல்கிறீர்கள். 1885 நவம்பர் 25இல் தந்தை இறந்தபோது அரண்மனையில் இருந்தவர்கள் இரண்டு சிறுமிகளும் கருவுற்ற தாயும். மூத்தவளான ஐந்து வயது மெர்செதெஸ்தான் அதுவரை வாரிசு இளவரசி. ஆனாலும் அவளை அரசியாக அறிவிக்கவில்லை. ஏறத்தாழ ஆறு மாதம் அரியணை ஆளில்லாமல் காத்திருந்தது. 1886 மே 17இல் ஆண் குழந்தை பிறந்ததும் வெள்ளித் தட்டில் வைத்துப் பிரமுகர்களுக்குக் காட்டினார்கள். பெண்ணாகப் பிறந்திருந்தால் மெர்செதெஸ் அரசியாகியிருப்பாள்.

கேள்வி: இன்றைய மன்னர் ஃபெலிப்பேக்கு இரண்டு அக்காக்கள் இருக்க, அவர் எப்படி மன்னரானார்? லியோனோரின் நிலை உறுதியானதா?

பதில்: 1978ஆம் ஆண்டு அரசமைப்பின் 57ஆம் பிரிவு, ஒரே நிலையில் உள்ளவர்களில் பெண்ணைவிட ஆணுக்கு முன்னுரிமை தருகிறது. அதனால் 1963இல் பிறந்த எலெனாவையும் 1965இல் பிறந்த கிறிஸ்தினாவையும் தாண்டி, 1968இல் பிறந்த ஃபெலிப்பே 2014இல் மன்னரானார். பதின்மூன்றாம் நூற்றாண்டு விதியேதான், ஆடை மட்டும் புதிது. இதைத் திருத்த வேண்டுமென்பதில் பெரிய கட்சிகளிடையே பேச்சளவில் சண்டை இல்லை. ஆனால் முடியாட்சி பற்றிய பகுதியைத் தொடுவதென்றால், இரு அவைகளிலும் மூன்றில் இரண்டு பங்கு ஆதரவு, பிறகு நாடாளுமன்றக் கலைப்பு, புதுத் தேர்தல், புதிய அவைகளிலும் அதே பெரும்பான்மை, இறுதியில் பொதுவாக்கெடுப்பு என்று 168ஆம் பிரிவு வரிசையாகக் கேட்கிறது. வாக்கெடுப்பு முடியாட்சி வேண்டுமா என்ற கேள்வியாகத் திரும்பிவிடுமோ என்ற அச்சமும் உண்டு. 2007இல் இரண்டாவதும் பெண்ணாக, சோஃபியாவாக, பிறந்ததும் பேச்சு ஆறிப்போயிற்று. லியோனோர் தன் பதினெட்டாம் பிறந்தநாளான 2023 அக்டோபர் 31 அன்று நாடாளுமன்றத்தில் உறுதிமொழி ஏற்றுவிட்டார். என்றாலும், சட்டத்தின் எழுத்துப்படி, மன்னருக்கு நாளை ஒரு மகன் பிறந்தால் அவர் இரண்டாம் இடத்துக்குப் போக வேண்டும்.

கேள்வி: லியோனோர் அரசியானால் அவர் கணவர் மன்னர் என்று அழைக்கப்படுவாரா?

பதில்: மாட்டார். 1987ஆம் ஆண்டு அரச ஆணைப்படி மன்னரின் மனைவி ராணி. அரசியின் கணவரோ இளவரசர் மட்டுமே. இரண்டாம் இசபெல்லின் காலத்தில் அப்படி இல்லை. அவருடைய கணவர் ஃபிரான்சிஸ்கோ தெ அசிஸுக்கு மன்னர் பட்டம் இருந்தது. எல் எஸ்கோரியால் மடத்தின் அடியில், எண்கோண வடிவிலான பளிங்கு நிலவறையில் ஸ்பெயின் மன்னர்கள் அடக்கமாகியிருக்கிறார்கள். ஒரு பக்கம் ஆண்டவர்கள். எதிர்ப் பக்கம், பெரும்பாலும், மன்னர்களைப் பெற்ற தாய்மார்கள். இசபெல்லின் பேழை மன்னர்களின் வரிசையில் இருக்கிறது. அவருடைய கணவரை ராணிமார்களின் வரிசையில் வைத்திருக்கிறார்கள்.