சிறிய அறைக்குக் குறைந்த விலையில் புக்ஷெல்ஃப் ஸ்பீக்கர் எப்படித் தேர்ந்தெடுப்பது?

பத்துக்குப் பன்னிரண்டு அடி அறையில், 30 வாட் ஆம்ப்ளிஃபயருடன் பாட்டுக் கேட்பதற்கு என்றால், பெட்டியில் பெரிதாக அச்சிட்டிருக்கும் வாட் கணக்கை விட்டுவிட்டு, சென்சிட்டிவிட்டி அளவை, அதாவது கொடுக்கும் மின்சக்திக்கு ஸ்பீக்கர் எவ்வளவு சத்தம் தருகிறது என்பதை, முதலில் பாருங்கள். 85 டெசிபல் ஸ்பீக்கர் தரும் ஒலியளவை 88 டெசிபல் ஸ்பீக்கர் ஏறக்குறையப் பாதி வாட்டிலேயே தந்துவிடும். இம்பீடன்ஸ் (ஆம்ப்ளிஃபயருக்கு ஸ்பீக்கர் காட்டும் மின்தடை) 6 அல்லது 8 ஓம் இருந்தால் போதும். பின்புறம் காற்றுத் துளை உள்ள ஸ்பீக்கரைச் சுவரோடு ஒட்டி வைத்தால், மிருதங்கத்தின் தொப்பி (தாழ்ந்த ஒலி தரும் பக்கம்) நாதம் தெளிவிழந்து கும்மென்று அறை முழுவதும் பரவும். ஆகவே, அலமாரித் தட்டில்தான் வைக்கப்போகிறீர்கள் என்றால், முன்புறத் துளை உள்ளதையோ முழுக்க மூடியதையோ வாங்குவது நல்லது. உச்ச ஒலிகளைத் தரும் சிறிய ட்வீட்டர், உட்கார்ந்து கேட்பவரின் காது உயரத்தில் இருக்கட்டும். தாழ்ந்த ஒலிகளைத் தரும் 5 அங்குல வூஃபரிடம் 40 ஹெர்ட்ஸுக்குக் கீழே, அதாவது மிகத் தாழ்ந்த ஒலிகளில், அதிகம் எதிர்பார்க்க முடியாது. அதற்காக இப்போதே அந்த ஒலிகளுக்கென்றே உள்ள மலிவான சப்வூஃபர் ஒன்றைச் சேர்ப்பதைவிட, அந்தப் பணத்தையும் ஸ்பீக்கரிலேயே போடுவதுதான் என் பரிந்துரை.