மணப்பெண் தோழியாக வரச் சொல்லி என்ன அனுப்பலாம்?

கேள்வி: குன்னூரில் இருக்கிறேன். மே மாதம் இங்கேயே சர்ச்சில் கல்யாணம். கல்லூரித் தோழிகள் நான்கு பேரை மணப்பெண் தோழிகளாக நிற்கச் சொல்லிக் கேட்கப் போகிறேன். இரண்டு பேர் சென்னை, ஒருத்தி தோஹா, ஒருத்தி மெல்பர்ன். வெறுமனே போனில் கேட்க மனசில்லை. தபால் செலவையும் சேர்த்து ஆளுக்கு ஐந்நூறு ரூபாய்க்குப் பக்கத்தில் முடிய வேண்டும். என்ன அனுப்பலாம்?

பதில்: இன்ஸ்டாகிராமில் நீங்கள் பார்த்திருக்கக்கூடிய அந்தப் பெட்டியை முதலில் மறந்துவிடுங்கள். பெயர் பொறித்த கப், மெழுகுவர்த்தி, சோப்பு, சாட்டின் அங்கி எல்லாம் அடுக்கிய பெட்டி. மெல்பர்னுக்கு அதை அனுப்பும் செலவு பொருளின் விலையையே தாண்டிவிடும். உங்கள் பட்ஜெட்டில் எதிரி விலை அல்ல, எடை. அதனால் கடித உறைக்குள் தட்டையாக அடங்குவதாகப் பாருங்கள்.

நம் மலையில் அதற்குத் தோதானது தோடர் எம்ப்ராய்டரி, நீலகிரியின் தோடர் பழங்குடியினர் போடும் பூவேலை. 2013இல் புவிசார் குறியீடு வாங்கிய வேலை அது. வெள்ளைப் பருத்தித் துணியில் சிவப்பு, கறுப்பு நூலால் தோடர் பெண்கள் இழையை எண்ணி எண்ணிப் போடுவார்கள். முதலில் வரைந்துகொள்வது கிடையாது. சால்வை உங்கள் கணக்குக்குள் வராது. புக்மார்க், சின்னப் பர்ஸ் மாதிரிச் சிறு பொருட்கள் வரும். வாங்கும்போது கண்ணை மட்டும் நம்பாதீர்கள், விரலால் தடவிப் பாருங்கள். கைவேலை என்றால் நூல் மேடாகத் தட்டுப்படும். வழவழவென்று இருந்தால் அது அச்சடித்த துணி. கடைக்காரர் என்ன சொன்னாலும் கீழே வைத்துவிடுங்கள்.

இன்னொன்று, நான்கு பேருக்கும் ஒரே பொருளாக வாங்குங்கள். வாட்ஸ்அப் குரூப்பில் போட்டோ வந்ததும் ஒப்பிட்டுப் பார்ப்பது மனித இயல்பு.

சென்னை உறைகளில் மட்டும் கூடவே ஐம்பது கிராம் குளிர்காலத் தேயிலை வைக்கலாம், மற்ற இருவரின் பங்கை அவர்கள் வரும்போது கையில் கொடுத்துவிடுங்கள். டிசம்பர் முதல் பிப்ரவரி வரை உறைபனிக் காலத்தில் பறிக்கும் இலைக்குத் தனி வாசம் உண்டு. ஆனால் தேயிலை பக்கத்தில் இருக்கும் எந்த வாசத்தையும் இழுத்துக்கொள்ளும். சோப்போடு வைத்துக் கட்டி அனுப்பினால் சோப்பு டீதான் குடிப்பார்கள்.

நீலகிரித் தைலம் வேண்டாம். எளிதில் தீப்பற்றும் திரவம், விமானத் தபாலில் எடுக்க மாட்டார்கள். ஹோம்மேட் சாக்லேட்டும் வேண்டாம். கொக்கோ வெண்ணெய் சுமார் 34 டிகிரியிலேயே உருகிவிடும், மேட்டுப்பாளையம் தாண்டினாலே ஆபத்து. வர்க்கி? ஒரு தடவை நானே ஒரு கூரியரில் அனுப்பினேன். போய்ச் சேர்ந்தது ஒரு கிலோ தூள். ஆஸ்திரேலியாவுக்கு விதை, காய்ந்த பூ, மரச்சாமான் எதுவும் வைக்காதீர்கள், அங்கே சோதனை கடுமை. சுங்கப் படிவத்தில் 'கிஃப்ட்' என்று மட்டும் எழுதினால் போதாது. எம்ப்ராய்டரி போட்ட பருத்தித் துணி, இத்தனை எண்ணிக்கை, இவ்வளவு மதிப்பு என்று உள்ளதை அப்படியே எழுதுங்கள்.

சரி, இனிமேல்தான் முக்கியமான விஷயம். உறைக்குள் போகும் கடிதம். "என் தோழியாக நிற்பாயா" என்று அழகாக எழுதிவிட்டு நிறுத்திவிடுகிறார்கள். வாங்கியவள் சந்தோஷத்தில் சரி என்று சொல்லிவிட்டு, ராத்திரி உட்கார்ந்து டிக்கெட் விலை பார்க்கிறாள். இருபது வருடமாகக் கல்யாண வேலை பார்க்கிறேன், தோழிகளுக்குள் வந்த மனஸ்தாபத்தில் பாதிக்கு மேல் இந்த இடத்தில்தான் ஆரம்பித்தது. தேதி, எத்தனை நாள் தங்க வேண்டும், சேலை யார் எடுப்பது, பிளவுஸ் தையல்கூலி யார் தருவது, அறை வாடகை யாருடையது, எல்லாவற்றையும் அதே தாளில் எழுதிவிடுங்கள். கடைசியில் ஒரு வரி: "வர முடியாவிட்டால் தயங்காமல் சொல், சர்ச்சில் எங்கள் கல்யாண ஓலை (அறிவிப்பு) வாசிக்கும் ஞாயிறுகளில் வீட்டிலிருந்தே ஜெபித்தாலும் போதும்." இந்த வரி இல்லாத கடிதம் அழைப்பு இல்லை, நெருக்கடி.

மே மாதம் என்பதால் இன்னும் இரண்டு குறிப்பு. ஊட்டி மலர்க் கண்காட்சி நேரத்தில் அறை வாடகை ஏறும், அதனால் தோழிகளுக்கான அறையை இப்போதே பிடித்துவிடுங்கள். 2024 மே 7 முதல் சமவெளியிலிருந்து வண்டியில் வருபவர்களுக்கு இ-பாஸ் கட்டாயம். பஸ்ஸில் வந்தால் தேவையில்லை. சென்னைத் தோழிகள் அது இல்லாமல் காரில் கிளம்பினால் மலையடிவாரத்தில் கல்லாறு சோதனைச் சாவடியில் நின்று உங்களுக்குத்தான் போன் போடுவார்கள். பேக்கிங்குக்குப் பிளாஸ்டிக் உறை வேண்டாம், இங்கே தடை உங்களுக்கே தெரியும். பழைய பருத்திச் சேலைத் துண்டு போதும், பார்க்கவும் நன்றாயிருக்கும்.

அப்புறம், அனுப்பும் வரிசை. மெல்பர்ன் உறையை முதலில் போடுங்கள், அடுத்து தோஹா. சென்னை உறைகளை அவை போய்ச் சேர்ந்த பிறகு போட்டால் போதும். இல்லாவிட்டால் சென்னைக்காரி மூன்றாம் நாளே ஸ்டேட்டஸில் போட்டுவிடுவாள், மெல்பர்ன்காரி உங்களைக் கூப்பிட்டு "எனக்கு மட்டும் இல்லையா?" என்பாள்.