1617இல் பதவி பறிபோன ரிஷ்லியூ, மறுபடி தலைதூக்கி எப்படி பிரான்சின் தலைமை அமைச்சர் ஆனார்?

ராஜாவுக்கும் ராஜமாதாவுக்கும் நடந்த சண்டையில் இரண்டு பேருக்கும் வேண்டியவராகி. வேறு ரகசியம் இல்லை.

லூசோன் என்ற ஏழை மறைமாவட்டத்தின் ஆயர் அவர். 1616இல் அமைச்சரானது ராஜமாதா மரீ தெ மெதிசி, அவருடைய நம்பிக்கைக்குரிய ஆள் கொன்சினி ஆகியோர் தயவில். அடுத்த ஏப்ரலில், 15 வயது 13ஆம் லூயியின் சம்மதத்தோடு, லூவர் அரண்மனை நுழைவாயிலில் கொன்சினி சுட்டுக் கொல்லப்பட்டார். ரிஷ்லியூவின் பதவியும் போயிற்று. 1618இல் அவிஞோனுக்கு நாடுகடத்தல்.

1619 பிப்ரவரியில், மகன் தன்னை அடைத்து வைத்திருந்த ப்ளுவா கோட்டை ஜன்னலிலிருந்து மரீ ஏணி வழியே இறங்கித் தப்பினார். அவரை வழிக்குக் கொண்டுவர ஆள் வேண்டுமே! ராஜாவே ரிஷ்லியூவைத் திருப்பி அழைத்தார். சமரசத்துக்குக் கிடைத்த கூலி 1622இல் கர்தினால் தொப்பி. 1624 ஏப்ரலில் ராஜாவின் ஆலோசனை சபையில் இடம். ஆகஸ்டில், அதுவரை சபைக்குத் தலைமை தாங்கிய லா வியூவில் கைதானதும் தலைமைப் பொறுப்பு.

ஆனால் ஏற்றிவிட்ட மரீயே 1630 நவம்பரில் அவரை நீக்கச் சொல்லி மகனிடம் மல்லுக்கட்டினார். கதவெல்லாம் சாத்தியிருக்க, சிற்றாலய வழியாக ரிஷ்லியூ உள்ளே வந்து நின்றார். அவர் கதை முடிந்ததென்று அரசவையே கொண்டாடியது. லூயியோ வெர்சாய் வேட்டை மாளிகைக்குப் போய், அவரை அங்கே வரவழைத்துப் பதவியில் உறுதிப்படுத்தினார். அதைத்தான் ‘ஏமாந்தவர்கள் நாள்’ என்கிறார்கள்.